ஒரே சீட்டை வைத்து முடிவு செய்யலாமா?

எச்.ஐ.வி. ‘பாசிட்டிவ்’ என ஒரு சீட்டு வந்ததுமே நிக்காஹ் பேச்சை முறித்துவிடாதீர்கள். 1986-ல் சென்னையில் டாக்டர் சுனிதி சாலமனும் மாணவி நிர்மலாவும் இந்தியாவின் முதல் தொற்றுகளைக் கண்டறிந்தபோது, வேலூர் முடிவோடு நிற்காமல் அமெரிக்காவிலும் மறுசோதனை செய்து உறுதிப்படுத்தினார்கள். இன்றும் அரசு மையங்களில் மூன்று வெவ்வேறு சோதனைகளிலும் ‘பாசிட்டிவ்’ வந்தால்தான் தொற்று உறுதி. உறுதியானாலும் கலங்க வேண்டாம். மாத்திரைகளை அரசே இலவசமாகத் தருகிறது.

‘நெகட்டிவ்’ சீட்டிலும் கவனம் தேவை. தொற்றிய உடனே ரத்தத்தில் எதிர்ப்புப் பொருள் உருவாகிவிடாது. சந்தேகத்துக்குரிய நாளிலிருந்து 3 மாதம் கழித்து மறுபடியும் சோதித்துக்கொள்ளுங்கள்.

செங்கல்பட்டு அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையின் நம்பிக்கை மையத்தில் சோதனை இலவசம். மாமல்லபுரம் கரையோரக் குடும்பங்களும் வரலாம். 1097 எண்ணில் ஆலோசனை கேட்கலாம். அடுத்தவரின் சோதனை முடிவு நம்மிடம் அமானிதம், வெளியே பேசாதீர்கள்.