2019 வரிக்குறைப்பு: இலங்கை எதை இழந்தது?

2019 நவம்பர் 16 அன்று நடந்த தேர்தலில் கோத்தாபய ராஜபக்ச ஜனாதிபதியாகத் தெரிவானார். அந்த மாதம் முடிவதற்குள் இலங்கையின் வரி அமைப்பை அடியோடு மாற்றும் அறிவிப்பு வெளியாகிவிட்டது. டிசம்பர் 1 முதல் பெறுமதி சேர் வரி, அதாவது வற், 15 சதவீதத்திலிருந்து 8 சதவீதமாக இறங்கியது. தேசத்தைக் கட்டியெழுப்பும் வரி ஒழிக்கப்பட்டது. சம்பளத்தில் மாதாமாதம் பிடிக்கப்பட்டுவந்த வருமான வரியும், வங்கி வட்டியில் பிடிக்கப்பட்ட வரியும் 2020 ஜனவரியோடு நின்றன. வருமான வரியின் உச்ச விகிதம் 24 சதவீதத்திலிருந்து 18 ஆனது. அந்த ஆண்டின் ஈஸ்டர் ஞாயிறு குண்டுத்தாக்குதல்களுக்குப் பிறகு சுற்றுலா படுத்துப்போய், வியாபாரம் மந்தமாகிக் கிடந்த காலம் அது. மக்கள் கையில் பணம் புழங்கினால் செலவு கூடும், செலவு கூடினால் முதலீடு வரும், வளர்ச்சியால் விழுந்த வருமானம் தானாக நிரம்பும் என்பதே அரசின் கணக்கு. அந்தக் கணக்கு ஏன் பொய்த்தது என்பதை இலங்கைக்கு வெளியே உள்ள வளரும் நாடுகளும் கவனமாகப் படிக்க வேண்டும்.

இந்தக் கணக்கு எல்லா இடத்திலும் தவறு என்று சொல்ல முடியாது. தன் சொந்த நாணயத்தில், குறைந்த வட்டிக்கு, முப்பது ஆண்டுக் கடன் வாங்கக்கூடிய ஒரு பணக்கார நாடு மந்தகாலத்தில் வரியைக் குறைக்கலாம். பற்றாக்குறை கூடினாலும் தாங்கும். இலங்கையின் நிலை வேறு. 1990களின் தொடக்கத்தில் மொத்த உள்நாட்டு உற்பத்தியில் ஐந்தில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவாக இருந்த வரி வருமானம், 2019இல் ஏற்கெனவே 12 சதவீதத்தைத் தொடாத நிலைக்குத் தேய்ந்திருந்தது. சர்வதேச நாணய நிதியத்தின் ஆய்வாளர்கள் 2016இல் வெளியிட்ட ஓர் ஆய்வு, பல நாடுகளின் நீண்டகால வரலாற்றைப் பார்த்து, வரி வருமானம் உற்பத்தியில் சுமார் 12.75 சதவீதத்தைத் தாண்டும்போது வளர்ச்சி துலக்கமாக வேகம் பிடிப்பதைக் காட்டியது. அந்த எண்ணை வேதவாக்காக எடுக்கத் தேவையில்லை. ஆனால் பாடசாலை, நீர்ப்பாசனம், துறைமுகம், நீதிமன்றம் ஆகியவற்றை நடத்தும் அளவுக்கு வரி வராத நாட்டில் தனியார் முதலீடும் தயங்கும் என்ற அடிப்படை அதில் இருக்கிறது. அந்தக் கோட்டுக்குக் கீழே நின்றுகொண்டுதான் இலங்கை இன்னும் கீழே இறங்கியது. 2020இல் வரி வருமானம் உற்பத்தியில் 8 சதவீதம் அளவுக்கு விழுந்தது. அரசுக்கு வந்த ஒவ்வொரு பத்து ரூபாவிலும் ஏழு ரூபா வட்டிக்கே போனது.

பெரும்பாலான விமர்சனங்கள் வரி விகிதத்தைப் பற்றியே பேசின. அதைவிடப் பெரிய சேதம் வேறிடத்தில் நடந்தது என்பது என் வாதம். வற் வரிக்குப் பதிவு செய்ய வேண்டிய ஆண்டு விற்றுமுதலின் எல்லை 1 கோடி 20 இலட்சம் ரூபாவிலிருந்து 30 கோடி ரூபாவாக, 25 மடங்கு, உயர்த்தப்பட்டது. கொழும்பு புறக்கோட்டையில் ஆண்டுக்கு ஐந்து கோடிக்கு விற்கும் ஒரு துணி மொத்த வியாபாரியை எடுத்துக்கொள்வோம். பதிவில் இருந்தவரை, தான் வாங்கிய சரக்குக்குக் கட்டிய வரியைக் கழித்துக்கொள்ள அவருக்கு இறக்குமதியாளரின் வரிப்பட்டியல் வேண்டும். அவரிடம் வாங்கும் பதிவுபெற்ற கடைக்காரருக்கு அவருடைய பட்டியல் வேண்டும். ஒருவர் கணக்கை இன்னொருவர் கணக்கு காட்டிக்கொடுக்கும். அதிகாரி கடை கடையாக ஏறாமலே விற்பனை பதிவாவது இதனால்தான். 30 கோடி எல்லை வந்ததும் அந்த வியாபாரி சட்டப்படியே வெளியேறினார். அவர் வெளியேறியதும், தனக்கு விற்றவரிடம் அவரும், அவரிடம் கடைக்காரரும் பட்டியல் கேட்பதற்கான காரணம் போய்விட்டது. சங்கிலியின் நடுக்கண்ணிகள் கழன்ற பிறகு, இறக்குமதியாளர் சொல்வதைச் சரிபார்க்க இறைவரித் திணைக்களத்திடம் அடுத்த கையின் கணக்கு இல்லை.

சம்பள வரியிலும் இதுவே நடந்தது. சம்பளக்காரருக்கு ஆண்டுக்கு 12 இலட்சமாக இருந்த விலக்கு எல்லை 30 இலட்சமானது. மாதம் இரண்டரை இலட்சம் வாங்குபவருக்குக்கூட வரி இல்லாமல் போனது. அதற்கு மேல் வாங்குபவரிடமும் முதலாளி கட்டாயமாகப் பிடிக்க வேண்டியதில்லை; ஊழியர் சம்மதித்தால் பிடிக்கலாம், இல்லையென்றால் அவரே அறிக்கை தாக்கல் செய்து கட்டலாம் என்று ஆனது. மூலத்தில் பிடிக்கும் வரிதான் திறைசேரிக்குச் செலவில்லாமல் வந்து சேரும் வரி. அதைத் தனிமனிதரின் விருப்பத்துக்கு விடுவது, வசூலிக்கும் ஆற்றல் ஏற்கெனவே மெலிந்த ஒரு திணைக்களத்தின் கையைக் கட்டிவிடுவதாகும். விகிதத்தை ஒரு வர்த்தமானி அறிவித்தலில் திரும்ப ஏற்றலாம். கணக்கு எழுதும் வழக்கத்தையும் பதிவேட்டில் இருந்த பெயர்களையும் அப்படித் திரும்பக் கொண்டுவர முடியாது.

பெருந்தொற்றுதான் காரணம், வரிக்குறைப்பைக் குறை சொல்வது அநியாயம் என்று அதை நியாயப்படுத்துவோர் இன்றும் வாதிடுகிறார்கள். சுற்றுலாவையும் வெளிநாட்டு உழைப்பையும் நம்பிய நாட்டைக் கொவிட் கடுமையாகத் தாக்கியது உண்மை. ஆனால் 2020இல் பொருளாதாரம் சுருங்கியது 5 சதவீதத்துக்கும் குறைவாக. வரி வருமானம் விழுந்ததோ 30 சதவீதம் அளவுக்கு. 2021இல் உற்பத்தி மீண்டும் வளர்ந்தது, உற்பத்தியில் வரியின் பங்கு மீளவில்லை. நோய் மட்டும் காரணம் என்றால் வளர்ச்சியோடு வரியும் எழுந்திருக்க வேண்டும். இன்னொரு மறுப்பு கூடுதல் வலுவானது. இலங்கை முறிந்தது டொலர் கடனில். ரூபாவில் வசூலாகும் வரிக்கும் அதற்கும் என்ன தொடர்பு? தொடர்பு இரண்டு வழியில் வந்தது. வருமானம் சரிந்ததைக் கண்ட தரப்படுத்தல் நிறுவனங்கள் 2020 முடிவதற்குள் நாட்டின் தரத்தைக் கீழிறக்கின. பழைய பிணைமுறிகளை அடைக்கப் புதிய பிணைமுறி விற்கும் வழி மூடியது. உள்ளே, பற்றாக்குறையை நிரப்ப மத்திய வங்கி திறைசேரி உண்டியல்களை வாங்கிக் குவித்தது. அப்படி உருவான பணம் இறக்குமதிக்குத்தான் ஓடியது. ரூபாவை ஏறத்தாழ 200இல் பிடித்துவைத்தபடி அந்தத் தேவைக்கு டொலர் கொடுத்ததில் கையிருப்பு வற்றியது. 2021இல் இரசாயன உரத்துக்கு விதித்த தடை விளைச்சலை அடித்து நிலைமையை இன்னும் மோசமாக்கியது. 2019 இறுதியில் 760 கோடி டொலராக இருந்த கையிருப்பு கரைந்து, 2022 ஏப்ரல் 12 அன்று வெளிநாட்டுக் கடன் செலுத்துவதை நிறுத்துவதாக அரசு அறிவித்தது. அந்தச் செப்டம்பரில் பணவீக்கம் 70 சதவீதத்தை எட்டியது.

வரியை ஏற்றினால் வளர்ச்சி செத்துவிடும் என்ற பயத்துக்கு அடுத்து வந்த ஆண்டுகள் ஓரளவு பதில் சொல்கின்றன. வற் படிப்படியாக ஏறி 2024 ஜனவரியில் 18 சதவீதமானது. பதிவு எல்லை 6 கோடிக்கு இறங்கியது. சம்பளத்தில் வரி பிடிப்பது 2023 ஜனவரி முதல் மீண்டும் கட்டாயமானது. 2022இல் 7 சதவீதத்துக்கும் மேல் சுருங்கிய பொருளாதாரம் 2024இல் சுமார் 5 சதவீதம் வளர்ந்தது. பாதாளத்திலிருந்து ஏறும்போது வேகம் அதிகமாகத் தெரியும் என்பதை மறக்கக் கூடாது. கடன் கட்டாமல் இருந்த அவகாசமும் உதவியது. வரிதான் வளர்ச்சியைத் தந்தது என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் வரி உயர்வு மீட்சியைத் தடுக்கவில்லை என்பது தெளிவு.

என்னை உறுத்துவது, யாரிடமிருந்து அந்த வரி வந்தது என்பது. 2019இன் வருமான வரிச் சலுகையில் பெரும்பகுதி மாதம் இலட்சக்கணக்கில் வாங்குவோருக்கும் பெரிய நிறுவனங்களுக்கும் போனது. திரும்ப வசூலித்தபோது விரைவில் கைக்கு எட்டியது வற். 2024இல் சமையல் எரிவாயுவுக்கும் பெற்றோலுக்கும் அது விரிந்தது. தோட்டத் தொழிலாளி வாங்கும் எரிவாயு சிலிண்டருக்கும் கொழும்பு மாடிவீட்டு சிலிண்டருக்கும் ஒரே 18 சதவீதம். 2022இல் மக்களில் நான்கில் ஒருவர் வறுமையில் இருந்ததாக உலக வங்கி மதிப்பிட்ட நாட்டில் இதைச் சீர்திருத்தம் என்று மட்டும் பெயரிட்டுக் கடந்துபோக முடியாது. மருத்துவர், பல்கலைக்கழக ஆசிரியர் போன்ற சம்பளக்காரர்கள் 2023இல் 36 சதவீத உச்ச விகிதத்தை எதிர்த்துத் தெருவுக்கு வந்தார்கள். பிடிக்க எளிதானவர்களிடமே திரும்பத் திரும்பப் பிடிக்கிறார்கள் என்ற அவர்களின் குறையில் நியாயம் உண்டு. தனியார் சிகிச்சை, தனியார் வகுப்பு, வாடகை வீடு, மொத்த வியாபாரம் ஆகியவற்றில் புழங்கும் வருமானம் இன்னும் பெரும்பாலும் பதிவுக்கு வெளியேதான் இருக்கிறது.

2024 முதல் 18 வயது தாண்டிய அனைவரும் இறைவரித் திணைக்களத்தில் பதிய வேண்டும் என்பது சட்டம். வரி அடையாள எண் கொடுப்பது முதல் படிதான். வங்கி, காணிப் பதிவகம், மோட்டார் வாகனத் திணைக்களம், சுங்கம் ஆகியவற்றின் தரவு அந்த எண்ணோடு இணைந்தால்தான் வருமானத்தை மறைப்பவர் தென்படுவார். அந்த வேலை மெதுவாக நகரும்போது, 2025 பெப்ரவரியில் தனியார் வாகன இறக்குமதிக்கு அனுமதி திரும்பியதும் சுங்கத்தில் குவிந்த வரி அரசின் இலக்குகளைத் தூக்கிப்பிடித்தது. ஆண்டுக்கணக்கில் தேங்கிய தேவை தீர்ந்ததும் அந்த வரவு இறங்கும். உத்தியோகபூர்வக் கடன்கொடுநர்களுக்கு முதலைத் திருப்பிக் கட்டுவது 2028இல் தொடங்குகிறது. வாகன வரி தரும் இந்த இடைவெளியில் புறக்கோட்டையின் பட்டியல் சங்கிலியைத் திரும்பக் கோத்து, பதிவு எல்லையை இன்னும் இறக்கி, உயர்வருமானத்தையும் சொத்தையும் வலைக்குள் கொண்டுவந்தால், எரிவாயுவுக்கு விதித்த வரியைக் குறைக்க இடம் கிடைக்கும்.