ஒத்தலும் ஒன்றாதலும்

இம்மலரின் இறுதிப் பகுதியில் பழைய மாணவர் பெயர்ப்பட்டியல் ஒன்று இடம்பெறுகின்றது. அதனைச் சரிபார்க்கும் பணி என்னிடம் ஒப்படைக்கப்பட்டது. தமிழாசிரியன் ஆதலின் எழுத்துப் பிழை களைவதே வேலையென்று எண்ணி அதனை ஏற்றுக்கொண்டேன். ஆனால், கணினியில் ஏற்றி அச்சிட்ட முதற்படியில் நான் கண்டவை எண்ணிக்கைப் பிழைகள். ஒரே ஆண்டில் ஒரே வகுப்பிற் பயின்ற, ஒரே பெயரும் ஒரே முதலெழுத்தும் உடைய மாணவர் இருவர், பட்டியலில் ஒருவராகி நின்றனர். கொட்டகலையிலிருந்து வந்து பயின்ற மாணவர் ஒருவரோ இருவராகி நின்றார்.

இருவரை ஒருவராக்கியதும் ஒருவரை இருவராக்கியதும் ஒரே பொறி. இஃது எவ்வாறு நேர்ந்ததென்று, கொழும்பில் மென்பொருள் துறையிற் பணிபுரியும் நம் பழைய மாணவர் ஒருவரை வினவினேன். அவர் சற்றே சிரித்து, “சேர், கணினிக்கு ஒத்திருப்பது வேறு, ஒன்றாயிருப்பது வேறு. எந்த இடத்தில் எதைக் கேட்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது” என்றார். அன்று மாலை அவர் எனக்கு விளக்கியவற்றையும், அவற்றைக் கேட்டு நான் எண்ணியவற்றையும் ஈண்டுக் கூற விழைகிறேன். மாணவனிடம் ஆசிரியன் பாடங் கேட்பது இழுக்கன்று. அதுவே ஆசிரியன் பெறும் உயர்ந்த ஊதியம் என்பேன்.

கணினியின் நினைவகத்தை ஒரு நீண்ட லயமாக எண்ணிக்கொள்வோம். அதிற் காம்பராக்கள் வரிசையாக உள்ளன. ஒவ்வொன்றுக்கும் ஓர் இலக்கம் உண்டு. எண்ணோ எழுத்துத் தொடரோ ஏதேனும் ஒரு மதிப்பு, அவற்றுள் ஒரு காம்பராவிற் குடியிருக்கும். கணினி மொழிகள் பலவற்றில், நிரல் எழுதுவோர் வைக்கும் பெயரானது அக்காம்பராவைச் சுட்டிக் காட்டும் விரல் போன்றது. ‘நுவரெலியா’ என்னுஞ் சொல் இரண்டு காம்பராக்களில் தனித்தனியே எழுதப்பட்டிருப்பின் அவை ஒத்தவை. இரண்டு பெயர்கள் ஒரே காம்பராவைச் சுட்டுமாயின் அங்கே இருப்பது ஒன்றே. ஆகவே, ஒத்தல் என்பது உள்ளிருக்கும் மதிப்பைப் பற்றியது. ஒன்றாதல் என்பது இருக்கும் இடத்தைப் பற்றியது.

ஒத்த மதிப்புக்களை ஒரே இடத்தில் வைத்துப் பலரும் பகிர்ந்துகொள்ளச் செய்தல் நிரலாக்கத்தில் நெடுநாளைய வழக்கம். இதன் பயன் இரண்டு. முதலாவது, இடச் சிக்கனம். ‘நுவரெலியா’ என்னுஞ் சொல்லை எழுத, இன்று உலகெங்கும் வழங்கும் யூனிகோட் முறையில் 9 குறியீடுகள் வேண்டும். தமிழ்க் குறியீடு ஒவ்வொன்றும் யூ.டி.எப்.-8 என்னும் பதிவு முறையில் 3 பைட் இடங் கொள்வதால், அச்சொல்லுக்கு 27 பைட் ஆகும். பட்டியலில் 1,000 பேர் அம்மாவட்டத்தினராயின், தனித்தனியே எழுத 27,000 பைட் செல்லும். பகிர்ந்துகொண்டால் ஒருமுறை 27 பைட்டும், ஒவ்வொருவருக்கும் சுட்டும் இலக்கமொன்றும் போதும். இரண்டாவது, காலச் சிக்கனம். இரண்டு நீண்ட சொற்கள் ஒத்தவையோவென அறிய எழுத்தெழுத்தாகப் பார்த்தல் வேண்டும். ஒத்தவை யாவும் ஓரிடத்திலேயே உள்ளன என்ற உறுதி இருப்பின், காம்பரா இலக்கத்தைப் பார்த்த அளவிலே விடை கிடைத்துவிடும்.

இவ்வெண்ணம் இன்று நேற்றுத் தோன்றியதன்று. அமெரிக்க அறிஞர் ஜோன் மக்கார்த்தி 1958இல் வகுக்கத் தொடங்கிய லிஸ்ப் என்னும் கணினி மொழியில், ஒரு பெயருடைய குறியீடு ஒருமுறையே வைக்கப்படும். எத்தனை இடத்தில் வரினும் அந்த ஒன்றே சுட்டப்படும். அதே 1958இல், ஒரே கணிப்பு மீண்டும் வருமிடத்து முன்னர்ச் செய்ததைத் தேடிக் கண்டு அதனையே பயன்படுத்தும் வழியை இரசிய அறிஞர் அந்திரேய் எர்சோவ் வெளியிட்டார்.

ஆயினும், பகிர்தலுக்கு இன்றியமையாத நிபந்தனை ஒன்றுண்டு. பகிரப்படுவது மாறாததாயிருத்தல் வேண்டும். நம் கல்லூரி நூலகத்தில் உள்ள அகராதியை நாற்பது மாணவர் பகிர்ந்துகொள்கின்றனர். ஆளுக்கொன்று வாங்க வேண்டியதில்லை. ஏனெனில் அதில் எவரும் எழுதுவதில்லை. ஒரு மாணவன் அதிலொரு சொல்லை அடித்துவிடுவானாயின், அச்சொல் மற்ற முப்பத்தொன்பதின்மருக்கும் அழிந்துபோம். அப்பியாசக் கொப்பியோ அத்தகையதன்று. தவணையின் முதல் நாளில் நாற்பது கொப்பிகளும் ஒரே வெறுந்தாள்கள். ஒன்றற்கொன்று வேற்றுமையே இல்லை. அது கருதி, “நாற்பதும் ஒத்தவைதாமே, ஒன்று போதும்” என்று எவரேனும் கூறுவரோ? நாளை ஒவ்வொன்றிலும் வெவ்வேறு எழுத்து ஏறும். மாறாததைப் பகிரலாம், மாறுவதற்குத் தனியிடம் வேண்டும். நிரலாக்கத்தில் இந்த ஒரு விதியை மறந்ததால் விளையும் பிழைகள் பலவென்று என் மாணவர் கூறினார்.

ஒத்தலைக் கேட்க வேண்டிய இடத்தில் ஒன்றாதலைக் கேட்டுவிட்டால் நேரும் வேடிக்கையையும் அவர் காட்டினார். ஜாவா என்னும் கணினி மொழியில் −128 முதல் 127 வரையுள்ள முழு எண்கள் பொருளுருவாக்கப்படும்போது பகிர்ந்தே வைக்கப்படுகின்றன. அங்ஙனம் வைத்த இரண்டு 127களை நோக்கி “இவை ஒன்றோ?” என்று வினவினால், “ஆம்” என்னும். இரண்டு 128களை நோக்கி அதே வினாவை எழுப்பினால், இயல்பாக “அல்ல” என்னும். புதிதாகப் பயில்வோர் 127 வரை சோதித்துப் பார்த்து, எல்லாஞ் சரியென்று மகிழ்ந்திருப்பர். குற்றம் எண்ணில் இல்லை, வினாவில் உள்ளது.

இதனைக் கேட்டபோது எனக்குத் தொல்காப்பியம் நினைவுக்கு வந்தது. சொல்லானது தனக்கு வேறாகிய பொருளையும் உணர்த்தும், சிலவிடத்துத் தன்னையே உணர்த்தும் என்று ஆசிரியர் பெயரியலில் வேறுபடுத்துகிறார். முன்னையது பொருண்மை, பின்னையது சொன்மை. திவாகர நிகண்டும் அவ்வேறுபாட்டின் வழியே அமைந்தது. முதற் பத்துத் தொகுதிகள் ஒரு பொருளுக்குரிய பல பெயர்களைத் தொகுக்க, 11ஆம் தொகுதி ஒரு சொல்லுக்குரிய பல பொருள்களைத் தொகுக்கின்றது. சொல் ஒன்றாயின் பொருளும் ஒன்றென்றோ, சொல் வேறாயின் பொருளும் வேறென்றோ நம் முன்னோர் கொள்ளவில்லை.

இனி நம் பட்டியலுக்கு மீள்வோம். இருமுறை வந்த பதிவுகளை நீக்குமாறு கணினிக்குப் பணித்தபோது, அது சொன்மையை மட்டும் நோக்கியது. பெயர் ஒத்தது, முதலெழுத்து ஒத்தது, ஆண்டு ஒத்தது. ஆகவே இரண்டாவது ஆளை நீக்கிவிட்டது. எழுத்துத் தொடரைப் பகிரலாம். அதனைத் தாங்கும் மனிதரைப் பகிர முடியுமோ?

கொட்டகலை மாணவர் இருவரானமைக்குக் காரணம் இன்னும் நுட்பமானது. யூனிகோட்டில் ‘கொ’ என்னும் எழுத்தை இரு வகையாக எழுதலாம். ககரத்தின் பின் ஒகரக்குறி ஒன்றையே இடுவது ஒருவகை. ஒற்றைக்கொம்பையும் காலையும் தனித்தனி இரண்டு குறியீடுகளாக இடுவது மற்றொரு வகை. முதல் வகையில் ‘கொட்டகலை’ 8 குறியீடு. இரண்டாம் வகையில் 9 குறியீடு. கண்ணுக்கு இரண்டும் ஒன்றே. கணினிக்கு வேறு வேறு. பட்டியலின் ஒரு பகுதி பழைய பாமினி எழுத்துருவிலிருந்து மாற்றப்பட்டமையால் இவ்விரு வடிவமும் கலந்துவிட்டன. ஒப்பிடுமுன் யாவற்றையும் ஒரே வடிவுக்குக் கொணர்ந்துவிட்டால் இக்குறை தீரும். அதற்குரிய விதியும் யூனிகோட்டிலேயே உண்டு. ஆனால், ‘அட்டன்’ என்றும் ‘ஹட்டன்’ என்றும் எழுதப்படும் ஊர் ஒன்றே என்பதை அவ்விதி அறியாது. அதனை ஊரறிந்த ஒருவர்தாம் சொல்லுதல் வேண்டும்.

இவ்வளவும் நம் மலைநாட்டாருக்குப் புதியதன்று. தோட்டத்தில் ‘பேர்’ என்னுஞ் சொல்லுக்கே தனிப்பொருள் உண்டு. நாட்கூலி முழுவதும் பதியப்பட்டால் அது முழுப்பேர். குறித்த நிறை கொழுந்து எடுக்கத் தவறினால் அரைப்பேர். செக்ரோலில் ஆளின் பெயருக்கு நேரே வேலை பதியப்பட்டமையால், பெயரே கூலிக்கு ஆகிவந்தது போலும். ஒரே தோட்டத்தில் இராமசாமி நால்வர் இருப்பர். செக்ரோலில் அவரை வேறுபடுத்துவது இலக்கம். லயத்தில் வேறுபடுத்துவது பட்டப்பெயரும் வீடிருக்கும் திசையும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தமிழகத்திலிருந்து கப்பலேறி வந்தோரின் கழுத்தில், தோட்டத்தின் இலக்கமும் ஆளின் இலக்கமும் பொறித்த தகர வில்லை தொங்கியது. மனிதரைக் காம்பரா இலக்கமாகக் கண்ட காலம் அது. இலக்கம் ஆளைத் தவறாது சுட்டியது. ஆனால் ஆளை மதித்ததில்லை.

பின்னர்ப் பத்திரங்களின் காலம் வந்தது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டத்தால் நம் மக்களிற் பெரும்பாலோர் நாடற்றவராயினர். 1949ஆம் ஆண்டின் சட்டப்படி விண்ணப்பித்தோர், 1946 சனவரி 1ஆம் நாளுக்கு முன்னர், மணமானவராயின் 7 ஆண்டும் ஏனையோராயின் 10 ஆண்டும் இடையறாது இங்கு வாழ்ந்தமையை நிறுவ வேண்டியிருந்தது. நிறுவுதற்குப் பத்திரம் வேண்டும்; பத்திரத்திற் பெயர் வேண்டும். அப்பெயரை எழுதியவரோ அதற்குரியவர் அல்லர். காதில் விழுந்தவாறு எழுதிய பிறர். 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டத்தின் பின் நாடற்றோர் என்னும் நிலை நீங்கிற்று. பெயர் வேறுபாடு என்னும் தொல்லை அதனோடு நீங்கவில்லை.

என் அன்னையார் கொழுந்தெடுத்து ஓய்வுபெற்றவர். ஊழியர் சேமலாப நிதிக்கு விண்ணப்பித்தபோது, அவர் பெயர் ஒரு பத்திரத்தில் ‘ஆயி’ என்றும் மற்றொன்றில் ‘அம்மாள்’ என்றும் முடிந்திருந்தது. இருவரும் ஒருவரே என்று சத்தியக் கடதாசி முடித்துக் கொடுக்கப் பலமுறை அலைந்தோம். ஒருநாள் படிக்கட்டில் அமர்ந்து அவர் கூறியது இன்றும் என் காதில் ஒலிக்கிறது: “முப்பது வருசமா தெனம் பேர் போட்டாங்களே, அப்ப ஒருத்தரும் இந்த எழுத்தப் பாக்கலயே. கொழுந்து எடுத்த கை இதுதானே?” ஒத்தலுக்கும் ஒன்றாதலுக்கும் இடையே உள்ள வேற்றுமையை இதனினும் தெளிவாக எந்நூலும் எனக்கு உணர்த்தியதில்லை.

ஆகவே, ஆசிரியரும் மாணவரும் மனங்கொள்ளத் தக்கன சில. கல்லூரிச் சேர்வுப் பதிவேட்டில் மாணவர் பெயரைப் பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தில் உள்ளவாறே, தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுத்துப் பிசகாமல் எழுதுவோம். பிழை காணின் அன்றே திருத்துவிப்போம். ஓரெழுத்தால் பின்னாளில் ஒருவரின் உழைப்பு தடைப்படக் கூடாது. கணினித் துறையிற் புகும் மாணவர்கள், மக்களைப் பற்றிய பட்டியல்களை ஆக்கும்போது, பெயர் ஒத்தவரை ஒருவராக்கும் முன்னரும், பெயர் வேறுபட்டவரை இருவராக்கும் முன்னரும் ஒருகணம் நின்று எண்ணுவாராக. அவர்தம் கைவிரலின் கீழ் ஒரு தாயின் சேமலாப நிதி இருத்தல் கூடும்.

இம்மலரின் பட்டியலில் ஒவ்வொரு பெயரின் முன்னும் அவரவர் சேர்விலக்கம் இப்பொழுது அச்சிடப்பட்டுள்ளது. ஒரே பெயருடைய அவ்விரு மாணவரும் அடுத்தடுத்த வரிகளில் தத்தம் இலக்கத்தோடு நிற்கின்றனர். கொட்டகலை மாணவரும் ஒருவராகிவிட்டார். இன்னும் பிழை இருப்பின், பழைய மாணவர்கள் பொறுத்தருளி எமக்கு எழுதுவார்களாக. எழுதும்போது பெயரோடு சேர்விலக்கத்தையும் குறிப்பிடல் நலம்.