'பாட்ஷா' வசனம் யார் எழுதினது? ஆரணி தறி வீட்டில் ஒரு கேள்வி!

ஆரணியில் ஒரு பட்டு நெசவாளர் வீடு. ஜன்னலில் சாய்த்து வைத்த செல்போனில் 'பாட்ஷா' ஓடுகிறது. தறியை நிறுத்தாமலே அடுத்தடுத்த வசனத்தை முந்திச் சொல்கிறார் அண்ணன்.

"எழுதினது யாருண்ணே?"

"ரஜினிதான்!"

இல்லை, பாலகுமாரன். டிராக்டர் கம்பெனி வேலையை விட்டுவிட்டு கே.பாலசந்தரிடம் உதவியாளராகச் சேர்ந்தவர். 'நாயகன்' (1987), 'குணா' (1991), 'பாட்ஷா' (1995), 'புதுப்பேட்டை' (2006)... எல்லாம் அவர் வசனம். 'மெர்க்குரிப் பூக்கள்', 'இரும்பு குதிரைகள்' படித்த அம்மாக்களுக்கு அவரை நன்றாகத் தெரியும். என் வயதுக்காரர்களுக்குத்தான் தெரிவதில்லை (எனக்கே லேட்டாகத்தான் தெரிந்தது!). இத்தனைக்கும் அவருடைய குரு யோகி ராம்சுரத்குமார் வாழ்ந்தது இதே மாவட்டத்துத் திருவண்ணாமலையில். 2018 மே 15-ல் பாலகுமாரன் காலமானார்.

சொல்லி முடித்ததும் அண்ணன் சிரித்தார்: "நாங்க நெய்யுற புடவையில மட்டும் எங்க பேரா இருக்கு?"