பிணைமுறியும் பிரசவ அறையும்

கித்துல்கல என்றதும் பலருக்கு நினைவில் எழுவது, 1957இல் வெளிவந்த 'க்வாய் நதிப் பாலம்' என்னும் ஆங்கிலப் படமும், அதற்காகக் களனி கங்கையின்மீது கட்டித் தகர்க்கப்பட்ட மரப்பாலமுமே. இந்நாளில் நுரை பொங்கும் அந்நீரில் படகு விடுவதற்காக உல்லாசப் பிரயாணிகள் திரள்கின்றனர். ஆனால், ஆற்றுக்கு மேலே மழை ஓயாத சரிவுகளில் பால் வெட்டியும் கொழுந்து பறித்தும் வாழும் நம்மவரின் லயங்களை அவர்கள் ஏறிப் பார்ப்பதில்லை. நாம் சற்று ஏறிப் பார்ப்போம்.

அங்கே ஒரு தாய்க்குப் பிரசவத்தின் பின் இரத்தப் போக்கு நிற்கவில்லை என்று வைத்துக்கொள்வோம். தக்க சிகிச்சை கிட்டாவிடின் இரண்டு மணி நேரத்துக்குள்ளேயே உயிர் பிரிந்துவிடக்கூடும். தோட்டப் பாதையில் இறங்கி, பெருந்தெருவை அடைந்து, யட்டியந்தோட்டையைக் கடந்து கரவனெல்ல ஆதார வைத்தியசாலைக்குப் போய்ச் சேர வேண்டும். அங்கே மகப்பேற்று நிபுணர் இருக்கிறாரா என்ற கேள்விக்கு அவ்வேளையில் 'ஆம்' அல்லது 'இல்லை' என்ற இரண்டு விடைகளே உண்டு. இல்லையென்றால், எஞ்சிய நேரமெல்லாம் அடுத்த வைத்தியசாலைக்கான பாதையிலேயே கரைந்துவிடும்.

அந்த நிபுணர் எவ்வாறு உருவாகிறார்? ஐந்தாண்டு மருத்துவப் படிப்பு, ஓராண்டு உள்ளகப் பயிற்சி, பின்னர் பட்டப்பின் மருத்துவ நிறுவகத்தின் மேற்படிப்பு. 1980ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டத்தின்கீழ் அமைந்த அந்நிறுவகமே இலங்கையில் நிபுணர்களைப் பயிற்றுவிக்கிறது. பயிற்சிக் காலத்திலும் அரசாங்கச் சம்பளம் உண்டு. அதன் இறுதிப் பகுதியை வெளிநாட்டில் முடித்து வருவதற்கும் பொதுப்பணம் உதவுகிறது. ஆகவேதான், திரும்பி வந்து நாட்டுக்குச் சேவை செய்வேன் என்று பிணைமுறியில் கையொப்பம் வாங்குகிறார்கள்.

அப்பொதுப்பணம் எவருடையது? இலவசக் கல்வி இந்நாட்டுக்கு 1945இல் வந்தது. தேயிலை, இறப்பர் ஏற்றுமதி வரிகள் அரசாங்கத்தின் பொக்கிஷத்தை நிரப்பிய காலம் அது. மூன்றே ஆண்டுகளில், 1948ஆம் ஆண்டுப் பிரஜாவுரிமைச் சட்டம் தோட்டத் தொழிலாளரிற் பெரும்பாலோரை நாடற்றவராக்கிற்று. தோட்டப் பாடசாலைகளோ அரசாங்கத்தின் கைக்கு வர 1970கள் வரை காத்திருந்தன. கூடை சுமந்தவளின் உழைப்பு மருத்துவக் கல்லூரிக்குப் போயிற்று. அவளுடைய பிள்ளை போகவில்லை. எனவே கித்துல்கலத் தாய் நிபுணரிடம் கேட்பது தர்மமன்று, வரவேண்டிய பாக்கி.

படித்தவரைக் கட்டாயப்படுத்துவது முறையா என்று கேட்போர் உளர். 1936இலேயே மெக்சிக்கோ தன் மருத்துவ மாணவரைக் கிராமங்களுக்கு அனுப்பத் தொடங்கிவிட்டது. இந்தியாவில், மேற்படிப்பு மருத்துவர்களிடம் பல மாநிலங்கள் வாங்கும் கட்டாயச் சேவைப் பிணைமுறி செல்லும் என்று அந்நாட்டின் உச்ச நீதிமன்றம் 2019 ஆகஸ்டில் தீர்ப்பளித்தது. முறையா என்ற கேள்வியில் நமக்கும் ஐயமில்லை. நம் கவலை வேறு.

பிணைமுறியை மீறியவர் பணத்தைக் கட்டிவிட்டால் கணக்குத் தீர்ந்துவிடுகிறது. 2022இன் பொருளாதார நெருக்கடியில் ரூபாய் சரிந்தபோது, பவுணிலோ டொலரிலோ சம்பாதிப்பவருக்கு அக்கடன் எவ்வளவு இலேசாயிற்று என்பதை மாணவர்கள் தாமே கணக்கிட்டுப் பார்க்கலாம். வைத்தியர் பலர் அவ்வாண்டும் அதன் பின்னரும் கடல் கடந்தனர். கட்டிய பணம் திறைசேரிக்குப் போய்ச் சேரும். பிரசவ அறைக்கு வராது. அப்பணத்தைக் கொண்டு இன்னொரு நிபுணரை உருவாக்கப் பத்தாண்டுக்கு மேல் வேண்டும். பெற்றுக்கொண்ட செல்வ நாடோ அவரை வளர்க்க ஒரு சதமும் செலவிடவில்லை!

போகிறவரை மட்டும் ஏசிப் பயனில்லை. மகப்பேற்று நிபுணரை நியமித்துவிட்டு மயக்க மருந்து நிபுணரை நியமிக்காவிடின் அவர் கத்தியைத் தொட முடியுமா? இரத்த வங்கி, ஒழுகாத விடுதி, பிள்ளைகளுக்கு ஒரு நல்ல பாடசாலை இவையும் வேண்டும். சப்ரகமுவத் தோட்டங்களுக்கு இன்னொன்றும் வேண்டும். தன் நோவைத் தமிழிற் சொல்லும் தாயின் பேச்சை விளங்கிக்கொள்ள ஒருவராவது வாட்டில் இருக்க வேண்டும். கட்டாயச் சேவையுடன் இத்தகைய ஆதரவும் சேர வேண்டுமென்றே உலக சுகாதார நிறுவனம் 2010இல் ஆலோசனை கூறிற்று.

பிணைமுறியை ரூபாயில் எழுதாமல் நாட்களில் எழுதினால் என்ன? இத்தனை ஆண்டு, இன்ன மாவட்டத்து ஆதார வைத்தியசாலை, இன்னின்ன வசதி என்று வரையறுக்கலாம். வைத்தியர் தம் பங்கைச் செய்யும்வரை விசேட நிபுணர் என்ற பதிவைத் தற்காலிகமாக வழங்கலாம். அமைச்சு தன் பங்கைச் செய்யத் தவறினால் வைத்தியருக்கு விடுதலை கொடுக்கலாம். கையொப்பம் இரு தரப்பையும் கட்டினால்தானே அது ஒப்பந்தம்?

நாம் இதை எழுதும் வேளையிலும் கித்துல்கல மலையில் மழை பெய்துகொண்டிருக்கக்கூடும். அங்கே எந்த லயத்திலாவது பிள்ளை பிறக்க இருக்கும் வீட்டார், இன்றிரவு வாகனத்துக்கு யாரிடம் சொல்லிவைப்பது என்று யோசித்துக்கொண்டிருப்பார்கள்.