டிஸ்கோவுக்குள் பத்து ராகங்கள்

சீந்துவாரின்றிக் கிடந்த ஒரு பம்பாய் இசைத்தட்டு, 28 ஆண்டுகள் கழித்து உலகம் சுற்றியது.

முதலில் கேட்பது டிரம் மெஷினின் சீரான அடி. அடியில் நெளிந்து நெளிந்து ஓடுகிறது பேஸ் ஒலி. அதன் மேல் மெல்ல விரிகிறது ஒரு ராகம். ஐரோப்பிய இரவு விடுதி ஒன்றுக்காக நேற்று செய்த இசை என்றுதான் தோன்றும். ஆனால் சரண்ஜித் சிங்கின் 'ஸிந்தசைஸிங்: டென் ராகாஸ் டு எ டிஸ்கோ பீட்' வெளியானது 1982இல்.

சிங் இந்தி சினிமா இசைக்குழுக்களில் வாசித்து வந்தவர். 'குர்பானி' (1980) கிளப்பிவிட்ட டிஸ்கோ மோகம் அடங்காத நேரம் அது. ஜப்பானின் ரோலண்ட் நிறுவனம் தயாரித்த மூன்று கருவிகள் அவரிடம் இருந்தன: தாளத்துக்கு டிஆர்-808, பேஸுக்கு டிபி-303, மெட்டுக்கு ஜூபிட்டர்-8. பைரவி, லலித், தோடி என்று பத்து ஹிந்துஸ்தானி ராகங்களைத் தனி ஆளாக வாசித்துத் தள்ளினார். எச்.எம்.வி. வெளியிட்டது. விற்பனை படுத்துவிட்டது.

303-இன் கதையும் ஏறக்குறைய அதேதான். பேஸ் கிதாருக்கு மாற்றாக வந்த அந்தப் பெட்டி எடுபடாமல், 1984இல் தயாரிப்பே நின்றது. 1987இல் சிகாகோவின் ஃப்யூச்சர் குழு அதன் குமிழ்களைத் திருகி 'ஆசிட் டிராக்ஸ்' என்ற இசைத்தட்டை வெளியிட்டது. 'ஆசிட் ஹவுஸ்' என்ற நடன இசை வகை பிறந்தது. 2010இல் நெதர்லாந்தின் பாம்பே கனெக்‌ஷன் சிங்கின் தட்டை மறுபதிப்பாகக் கொண்டுவந்ததும், 'ஆசிட் ஹவுஸின் தந்தை இவர்தான்' என்று எழுதத் தொடங்கினார்கள்.

அந்தப் பட்டம் அவருக்குப் பொருந்தாது. சிகாகோ இளைஞர்கள் தேடியது போதையேற்றும் ஒலியை. சிங் தேடியது ராகத்தை. சாதாரண கீபோர்டில் ஒரு ஸ்வரத்திலிருந்து அடுத்ததற்கு வழுக்கிச் செல்ல முடியாது, 303-இல் முடியும். ராகத்துக்கு அந்த வழுக்கல்தான் உயிர். தமிழ்க் காதுகளுக்கு இது எளிதில் பிடிபடும். இதில் உள்ள பூபாலி நம் மோகனம். மால்கௌன்ஸ் நம் ஹிந்தோளம்.

குறையும் உண்டு. நிதானமான ஆலாபனைக்கு மெஷின் காத்திருப்பதில்லை. ஐந்து நிமிடங்களில் ராகம் மேலோட்டமாகவே தலைகாட்டுகிறது.

மறுபதிப்புக்குப் பிறகு சிங் ஐரோப்பிய மேடைகளில் இதே ராகங்களை இளைஞர் கூட்டத்துக்கு வாசித்தார். 2015இல் மும்பையில் காலமானார். சினிமா ஆர்கெஸ்ட்ராக்களில் பெயர் போடப்படாமலே வாசித்துப் போனவர்கள் நூற்றுக்கணக்கானோர். அவர்களில் ஒருவருக்காவது கைதட்டல் உயிரோடு இருக்கும்போதே வந்து சேர்ந்தது.