சந்தையில் வல்லவன், வகுப்பில் மந்தனா?

"ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது" என்று நம் முன்னோர் சொல்லிவைத்தனர். நூலறிவு ஒன்றையே கொண்டு வாழ்க்கையை நடத்திவிடலாம் என எண்ணுவோருக்கு அஃது ஓர் எச்சரிக்கை. ஆயின், அப்பழமொழிக்கு மறுபக்கம் ஒன்றும் உண்டு. கறிக்கு நன்றாய் உதவிய சுரைக்காய் ஏட்டில் ஏற மறுப்பதும் உண்டன்றோ? வீட்டிலும் கடையிலும் சுட்டியாய் விளங்கும் பிள்ளை, பாடசாலை வாங்கில் அமர்ந்ததும் வாயடைத்துப் போவதை நாம் எத்தனை முறை கண்டிருக்கிறோம்! அப்பொழுது நாம் செய்வது என்ன? தவணை அறிக்கையைக் கையில் எடுக்கிறோம், புள்ளிகளைப் பார்க்கிறோம், "மொக்கு" என்று ஒரு சொல்லைச் சொல்லிவிடுகிறோம். அந்த ஒரு சொல் அப்பிள்ளையின் நெஞ்சில் எத்தனை ஆண்டுகள் தங்கும் என்பதை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை.

அறிவு என்பது தலைக்குள்ளே மட்டும் உறையும் ஒரு பொருளா? அன்றி, பிள்ளை நிற்கும் இடமும், பேசும் மனிதரும், கையாளும் பொருளும் சேர்ந்து அதனை உருவாக்குகின்றனவா? இவ்வினாவுக்கு விடை தேடி உளவியலறிஞர் சிலர் சந்தைக்கே சென்றனர். அவர்கள் கண்டவற்றைப் பெற்றோரும் மாணவரும் அறிந்திருத்தல் நலம்.

நான்கு தேங்காயின் விலை

பிரேசில் நாட்டின் வடகீழ்க் கரையிலே ரெசிஃபே என்றொரு துறைமுக நகரம் உண்டு. அந்நகரத்து வறிய குடும்பங்களின் பிள்ளைகள் தெருவோரத்திலும் சந்தையிலும் தேங்காய், பழம், சோளப்பொரி முதலியவற்றை விற்றுப் பெற்றோருக்கு உதவுவது வழக்கம். தெரசீனா கராகர், டேவிட் கராகர், அனலூசியா ஷ்லீமன் என்னும் ஆராய்ச்சியாளர் மூவர், 9 முதல் 15 வயது வரையான ஐந்து பிள்ளைகளை அங்கே தெரிந்தெடுத்தனர். வாடிக்கையாளரைப் போலப் பொருள் வாங்கச் சென்று, "இத்தனை வாங்கினால் விலை என்ன? இவ்வளவு தந்தால் மீதி எவ்வளவு?" என்று வினவினர். பின்னர், அதே பிள்ளைகளிடம் அதே வகையான கணக்குகளைத் தாளும் பென்சிலும் கொடுத்துக் கேட்டனர். இவ்வாராய்ச்சி 1985-ஆம் ஆண்டில் வெளியாயிற்று.

பெறுபேறு வியப்புக்குரியது. சந்தையிலே நூற்றுக்கு 98 விடைகள் சரியாயிருந்தன. அவற்றையே ஒரு சிறு கதையாய் அமைத்துக் கேட்டபோது நூற்றுக்கு 74 சரியாயின. வெறும் எண்களாய்த் தாளில் எழுதிக் கொடுத்தபோதோ நூற்றுக்கு 37 மட்டுமே சரியாயின! பிள்ளைகள் அவர்களே, பெருக்கலும் கழித்தலும் அவையே, மாறியது இடமும் கேட்ட முறையும் மட்டுமே.

தேங்காய் விற்ற ஒரு பிள்ளையை எடுத்துக்கொள்வோம். ஒரு தேங்காயின் விலை 35 குருசேரோ. நான்கு தேங்காய்க்கு விலை கேட்டபோது அப்பிள்ளை, மூன்றின் விலை 105 என்று தொடங்கி, அதனோடு 30-ஐக் கூட்டி 135 என்றும், எஞ்சிய ஐந்தையும் சேர்த்து 140 என்றும் சரியாய்ச் சொல்லிற்று. மூன்று தேங்காயை அடிக்கடி விற்றுப் பழகியமையால் 105 என்பது அதன் நாவிலேயே இருந்தது. பின்னர் 35-ஐ 4-ஆற் பெருக்குமாறு தாளிலே கேட்டனர். நாலைந்து இருபது; பூச்சியத்தை எழுதி இரண்டைக் கைக்கொள்ள வேண்டும். அதுவரை சரியே. அடுத்து, மூன்றை நான்காற் பெருக்கிய பின்னர் இரண்டைக் கூட்டுவதற்குப் பதிலாக, இரண்டையும் மூன்றையும் முதலிற் கூட்டி ஐந்தாக்கி, அதனை நான்காற் பெருக்கிற்று. தாளில் விழுந்த விடை 200!

நான்கு தேங்காய்க்கு 200 குருசேரோ கேட்டிருந்தால் வாங்க வந்தவர் சும்மா இருந்திருப்பாரா? அப்பிள்ளைதான் அப்படிக் கேட்டிருக்குமா? சந்தையில் ஒவ்வோர் எண்ணுக்கும் ஒரு பொருள் இருந்தது. ஒரு மனிதர் எதிரே நின்றார். பிழைத்தால் நட்டம் வரும். அங்கே சூழலே உபாத்தியாயராய் நின்று பிள்ளையைத் திருத்திற்று. தாளிலோ 3 என்பது முப்பதும் அன்று, தேங்காயும் அன்று, வெறுங் கோடு. கோட்டை எப்படி நகர்த்துவது என்னும் விதியை அரைகுறையாய் நினைவிற் கொண்ட பிள்ளை, வந்த விடை பொருந்துமா என்று பார்க்க வழியின்றித் தவித்தது.

மறுபுறமும் உண்டு

இதனைக் கண்டு, "பாடசாலைப் படிப்பு வீண், சந்தையே சிறந்த கல்லூரி" என்று முடிவு கட்டிவிடலாகாது. 2025-ஆம் ஆண்டில் 'நேச்சர்' என்னும் அறிவியல் இதழில் வெளியான மற்றோர் ஆராய்ச்சி நாணயத்தின் இரு பக்கங்களையும் காட்டுகின்றது. பொருளியல் நோபெல் பரிசு பெற்ற அபிஜித் பானர்ஜி, எஸ்தர் டுஃப்லோ ஆகியோரும் உளவியலறிஞர் எலிசபெத் ஸ்பெல்க்கியும் பிறரும் சேர்ந்து, கொல்கத்தாவிலும் தில்லியிலும் சந்தையில் வேலை செய்யும் 1,436 பிள்ளைகளை ஆராய்ந்தனர். கிலோ 20 ரூபாய் வீதம் 800 கிராம் உருளைக்கிழங்கு, கிலோ 15 ரூபாய் வீதம் ஒன்றேகாற் கிலோவுக்குச் சற்று மேலாக 1.4 கிலோ வெங்காயம், கொடுப்பது 200 ரூபாய்த் தாள் என்றால், மீதி 163 ரூபாய் என்று மனக்கணக்காகவே சொல்லும் திறம் அவர்களிடம் இருந்தது. ஆயினும் பாடப்புத்தகத்து வகுத்தலையும் கழித்தலையும் தாளிற் கண்டதும் பெரும்பாலோர் தடுமாறினர்.

அதே ஆராய்ச்சியில், சந்தையில் வேலை செய்யாத, பாடசாலை செல்லும் 471 பிள்ளைகளும் சோதிக்கப்பட்டனர். தாளில் உள்ள எளிய கணக்குகளை அவர்கள் மற்றவர்களிலும் நன்றாய்ச் செய்தனர். ஆனால், சந்தைப் பிள்ளைகளில் மூன்றிலொரு பங்குக்கு மேற்பட்டோர் சரியாய்ச் செய்த கொடுக்கல் வாங்கற் கணக்கொன்றை, பாடசாலைப் பிள்ளைகளுள் நூற்றுக்கு ஒருவரே சரியாய்ச் செய்தனர்! அங்கே கற்றது இங்கே வரவில்லை. இங்கே கற்றது அங்கே செல்லவில்லை. இரு திறத்தாரும் மந்தர் அல்லர். ஒவ்வொருவரின் அறிவும் தான் பிறந்த இடத்திலேயே கட்டுண்டு கிடந்தது என்பதே உண்மை.

வெண்கரடியும் உழவரும்

அப்படியாயின், பாடசாலை தரும் தனிப்பயன்தான் யாது? அதற்கு விடையை அறிய ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு பின்னோக்கிச் செல்ல வேண்டும். 1931-ஆம், 1932-ஆம் ஆண்டுகளின் கோடைகளில், உருசிய உளவியலறிஞர் அலெக்சாந்தர் லூரியா மத்திய ஆசியாவின் உஸ்பெக்கிஸ்தானுக்குச் சென்றார். எழுத்தறியாத உழவர் பலரோடு அமர்ந்து உரையாடி அவர் கேட்ட வினாக்களுள் ஒன்று இது: வெண்பனி மூடிய வடகோடியிலே கரடிகள் எல்லாம் வெண்ணிறமானவை, நோவாயா செம்லியா என்னும் தீவுக்கூட்டம் வடகோடியில் உள்ளது, அங்குள்ள கரடிகள் என்ன நிறம்?

நமக்கு இதற்கு விடை கூற ஒரு நொடி போதும். அவ்வுழவருட் பலரோ விடை சொல்ல மறுத்தனர். தாம் அவ்விடம் போனதில்லை என்றும், போய்வந்தவரையே கேட்க வேண்டும் என்றும் கூறினர். இதனை அறியாமை என்று கொள்ளலாமா? தம் அனுபவத்துக்கு உட்பட்ட பொருள்களைப் பற்றி அவர்கள் தெளிவாகவே ஆராய்ந்து பேசினர். கண்ணாற் காணாததற்குச் சாட்சி சொல்லலாகாது என்பது அவர்களின் ஊர் அறம். ஆனால், சிறிது காலமேனும் பள்ளியிற் கற்றவர்கள், சொற்களையே பிடித்துக்கொண்டு, காணாத தீவுகளின் கரடிக்கு எளிதாய் நிறம் கூறினர்.

கண்ணெதிரே இல்லாத ஒன்றைச் சொல்லாலும் எண்ணாலும் பற்றிச் சிந்திக்கும் பழக்கமே பாடசாலை நமக்குத் தரும் கொடை. அது சிறிய கொடை அன்று. வானநூலும் மருத்துவமும் அதன் மேலேதான் எழுந்து நிற்கின்றன. எனினும் அதுவும் ஒரு பழக்கமே. ஓரிடத்தில், ஒரு கூட்டத்தாரோடு பழகிப் பெற்றதே அன்றிப் பிறவியில் வந்த பெருமை அன்று.

பாலம் அமைப்போர் யார்?

ஆகவே, நம் கடமை யாதென்பது தெளிவு. பிள்ளையின் வீட்டறிவுக்கும் ஏட்டறிவுக்கும் இடையே ஓர் ஆறு ஓடுகின்றது. அதனைத் தானே நீந்திக் கடக்கட்டும் என்று கரையில் நின்று பார்ப்பது பெரியோர்க்கு அழகன்று. பாலம் அமைப்பது அரிதும் அன்று. கடைக்குப் போய்வந்த பிள்ளையிடம், "மீதியை எப்படிக் கணக்கிட்டாய்?" என்று கேட்போம், அது சொன்ன வழியையே தாளில் எழுதிக் காட்டச் சொல்வோம். பாடக் கணக்கிலே பொருந்தாத விடை வந்தால், "பிழை" என்று சிவப்புக் கோடிடுமுன், "நான்கு தேங்காய்க்கு இவ்வளவு விலை கொடுப்பாயா?" என்று ஒரு முறை வினவுவோம். சூத்திரத்தை மனப்பாடமாய் ஒப்பிக்கும் பிள்ளையைச் சந்தைக்கும் தோட்டத்துக்கும் உடன் அழைத்துச் செல்வோம். இதற்காகப் பிஞ்சுக் கைகள் கூலிக்கு உழைக்க வேண்டியதில்லை. ரெசிஃபேயின் பிள்ளைகளைத் தெருவுக்கு அனுப்பியது வறுமையே அன்றிக் கல்விக் கொள்கை அன்று.

மாணவ நண்பர்களும் ஒன்றை மனத்திற் கொள்க. ஒரு பாடம் விளங்கவில்லையெனில், "எனக்கு மூளை இல்லை" என்று சோர்ந்துவிட வேண்டாம். அப்பாடத்தில் உள்ளது உங்கள் வாழ்வில் எங்கே, எந்த உருவில் வருகின்றது என்று தேடிப் பாருங்கள். நீங்கள் முன்னரே அறிந்த ஒன்றுக்குப் பாடப்புத்தகம் வேறு பெயர் சூட்டியிருத்தல் கூடும்.

ஐந்தாந் தரப் புலமைப்பரிசிற் பரீட்சையின் பெறுபேறு வரும் நாளில் எத்தனையோ வீடுகளில் மகிழ்ச்சியும் எத்தனையோ வீடுகளிற் கண்ணீரும் நிறைகின்றன. ஒரு நாளில், ஒரு மண்டபத்தில், ஒரு தாளிலே பிள்ளை எழுதியதை அப்புள்ளிகள் அளக்கின்றன. பிள்ளையை முழுவதும் அளப்பதில்லை. அடுத்த முறை "மொக்கு" என்ற சொல் நம் நாவின் நுனிக்கு வரும்போது, தாளிலே 200 என்று எழுதிய அந்தத் தேங்காய்க்காரப் பிள்ளையை நினைத்துக்கொள்வோம். அப்பிள்ளைக்குச் சரியான விடை தெரிந்தேயிருந்தது. கேட்ட இடந்தான் வேறு.