மோட்டார் வண்டியின் பிரேக் டிஸ்க்

கோடை விடுமுறைக்கு மும்பையிலிருந்தும் புனேயிலிருந்தும் ஐதராபாத்திலிருந்தும் சொந்த ஊருக்குத் தம் காரிலேயே புறப்படும் தமிழ்க் குடும்பங்கள் இந்நாளில் மிகுதி. புறப்படுவதற்கு முன் டயரில் காற்றுப் பார்க்கிறோம், எண்ணெய் மாற்றுகிறோம், குளிர்சாதனம் சரியாக இயங்குகிறதா என்பதை இருமுறை சோதிக்கிறோம். பிரேக்கைப் பொறுத்த மட்டில், காலால் மிதித்தால் வண்டி நிற்கிறது என்ற அளவில் மனநிறைவு கொண்டுவிடுகிறோம். நகரத்துத் தெருவில் முப்பது நாற்பது கிலோமீட்டர் வேகத்தில் வண்டி நிற்பது ஒன்று. ஐவரும் மூட்டை முடிச்சுகளும் ஏறிய வண்டி மலைச்சாலையில் இறங்கும்போது நிற்பது வேறொன்று. இவ்விரண்டுக்கும் இடையேயுள்ள வேற்றுமை பெரும்பாலும் ஓர் இரும்பு வட்டின் தடிமனைப் பொறுத்தது. அந்த வட்டே டிஸ்க் எனப்படுவது.

சக்கரத்தோடு சேர்ந்து சுழலும் இந்த வட்டு வார்ப்பிரும்பால் ஆனது. இதன் இருபுறமும் பேட் எனப்படும் உராய்வுக் கட்டைகள் உள்ளன. காலிப்பர் என்னும் பிடிப்பான், நாம் பெடலை மிதித்தவுடன் எண்ணெய் அழுத்தத்தால் அக்கட்டைகளை வட்டின்மீது இருபுறமும் அழுத்துகிறது. மிதிவண்டியின் பிரேக் ரப்பர்கள் சக்கர வளையத்தைப் பற்றுவதை நினைத்துக்கொண்டால் போதும். இங்கிலாந்தைச் சேர்ந்த லான்செஸ்டர் என்னும் பொறியாளர் 1902ஆம் ஆண்டிலேயே இவ்வமைப்புக்குக் காப்புரிமை பெற்றார். ஆயினும் 1953இல் பிரான்சு நாட்டின் லே மான் பந்தயத்தில் டிஸ்க் பிரேக் பொருத்திய ஜாகுவார் வண்டிகள் வெற்றி பெற்ற பிறகே உலகம் அதனை உற்று நோக்கியது. நம் நாட்டுச் சாலைகளை நெடுங்காலம் ஆண்ட அம்பாசிடரும் பியட்டும் நான்கு சக்கரங்களிலும் டிரம் பிரேக்குகளோடுதான் ஓடின. இன்று விற்பனையாகும் கார்களில் முன்சக்கரங்களுக்கு டிஸ்க் இருப்பது பொது வழக்கம். சிறிய வண்டிகளின் பின்சக்கரங்களில் டிரம் இன்றும் உண்டு.

பிரேக் வண்டியை நிறுத்துகிறது என்று சொல்லுகிறோம். உண்மையில் அது செய்யும் வேலை, ஓட்டத்தின் ஆற்றலை வெப்பமாக மாற்றுவதே. ஆட்களோடும் சாமான்களோடும் 1,400 கிலோ எடையுள்ள ஒரு கார் மணிக்கு 80 கிலோமீட்டர் வேகத்திலிருந்து முழுவதுமாக நிற்கும்போது வெளிப்படும் வெப்பம், ஒரு லிட்டர் தண்ணீரைக் காப்பிக்குக் கொதிக்க வைக்கப் போதும். வேகம் இரட்டித்தால் வெப்பம் இரட்டிப்பதில்லை, நான்கு மடங்காகிறது. அவ்வளவு வெப்பத்தையும் சில விநாடிகளில் ஏற்றுக்கொண்டு, பின்னர் மெல்லக் காற்றுக்கு வழங்கும் பாத்திரமே டிஸ்க். பெரும்பங்கு முன்சக்கர டிஸ்க்குகளையே சாரும்; பிரேக் பிடிக்கையில் வண்டியின் பாரம் முன்னோக்கிச் சாய்வதே அதற்குக் காரணம்.

தேய்ந்த டிஸ்க்கில் இரும்பு குறைவு. இரும்பு குறைந்தால் அதே வெப்பத்துக்கு அது மேலும் சூடேறும். சிறிய பாத்திரத்துத் தண்ணீர் விரைவில் கொதிப்பதைப் போன்றதே இது. சூடு ஓரளவைக் கடந்ததும் பேட்டின் பற்றுதல் குறைகிறது. மிதித்தாலும் வண்டி வழுக்கிக்கொண்டு செல்வது போலத் தோன்றும். அதற்கும் மேலே சென்றால் காலிப்பருக்குள் இருக்கும் பிரேக் எண்ணெயே கொதித்துக் குமிழியிடும். குமிழி அழுத்தத்தைக் கடத்தாது. பெடல் தரை வரை இறங்கும். இவ்வெண்ணெய் காற்றின் ஈரத்தை உறிஞ்சும் இயல்புடையது. டாட் 4 வகை எண்ணெய் புதிதாக இருக்கையில் 230 டிகிரிக்குக் குறையாமல் தாங்க வேண்டும்; ஈரம் ஏறிய நிலையில் அதற்குரிய வரையறை 155 டிகிரிதான். மும்பை, கொல்கத்தா போன்ற கடற்காற்று நகரங்களில் வாழ்வோர் இரண்டாண்டுக்கு ஒருமுறை இதனை மாற்றுவது நலம்.

இனி மலைச்சாலைக்கு வருவோம். ஊருக்குப் போகையில் ஏறிய கண்டாலா கணவாயை மும்பைக்குத் திரும்பும்போது இறங்க வேண்டும். அப்போது வண்டியில் அரிசி மூட்டையும் ஊறுகாய் ஜாடிகளும் ஏறியிருக்கும். போனதைவிடப் பாரம் மிகுந்துதான் திரும்புவோம். லோணாவளாவிலிருந்து கீழேயுள்ள கோபோலிக்கு ஏறத்தாழ 500 மீட்டர் உயரம் இறங்குகிறோம். அந்த 1,400 கிலோ வண்டி இவ்வுயரத்தை இறங்குகையில் வெளிப்படும் ஆற்றல், 80 கிலோமீட்டர் வேகத்திலிருந்து இருபது முறை நிறுத்துவதற்கு ஒப்பானது. காற்றின் எதிர்ப்பு ஒரு பகுதியை ஏற்கும். கியரைக் குறைத்து இறங்கினால் எஞ்சின் பெரும்பகுதியை ஏற்கும். கியரை நியூட்ரலில் விட்டுப் பெட்ரோலை மிச்சப்படுத்துவதாக எண்ணி இறங்குவோர், மீதி முழுவதையும் அந்த நான்கு சக்கரங்களின் தலையில் ஏற்றுகிறார்கள். தில்லி நேயர்கள் முசூரியிலிருந்து டேராடூனுக்கு இறங்கும் உயரமோ இதனினும் இரு மடங்குக்கு மேல்.

ஆகையால் டிஸ்க் எவ்வளவு தேய்ந்திருக்கிறது என்பதை அறிவது எவ்வாறு? இதற்குக் கண் போதாது, எண் வேண்டும். ஒவ்வொரு டிஸ்க்குக்கும் அதனைச் செய்தவர் ஒரு குறைந்தபட்சத் தடிமனை வகுத்திருக்கிறார். அந்த எண் பெரும்பாலும் டிஸ்க்கின் விளிம்பிலோ நடுவிலுள்ள கிண்ணம் போன்ற பகுதியிலோ பொறிக்கப்பட்டிருக்கும். துருவில் மறைந்திருந்தால் கம்பிப் புருசால் தேய்த்துப் பார்க்கலாம். அங்கும் அகப்படாவிடில் வண்டியின் பழுதுபார்க்கும் கையேட்டில் கிடைக்கும். புதிதில் 22 மில்லிமீட்டர் உள்ள ஒரு டிஸ்க்கில் 20 என்று பொறித்திருப்பதாகக் கொள்வோம். ஒரு பக்கத்துக்கு ஒரு மில்லிமீட்டர் தேய்ந்தாலே அதன் ஆயுள் முடிந்தது என்று பொருள். கைவிரலால் தடவிப் பார்த்து, “இன்னும் கனமாகத்தானே இருக்கிறது” என்று சொல்லுவதற்கு இங்கே இடமில்லை.

அளப்பதிலும் ஒரு சூது உண்டு. பேட் படாத ஓரம் தேயாமல் வரம்பு போல உயர்ந்து நிற்கும். வெர்னியர் அளவியை வெளியிலிருந்து அப்படியே பிடித்தால் அது அந்த வரம்பைத்தான் அளக்கும். தேய்ந்த டிஸ்க்கும் புதியது போலத் தோன்றும். மைக்ரோமீட்டர் இருந்தால் விளிம்பிலிருந்து ஒரு சென்டிமீட்டர் உள்ளே தள்ளி, சுற்றிலும் ஆறேழு இடங்களில் அளந்து, மிகக் குறைந்த எண்ணையே கணக்கில் கொள்ள வேண்டும். வெர்னியர் மட்டும் இருந்தால் ஒரே வகையான இரு நாணயங்களை முதலில் சேர்த்து அளந்து குறித்துக்கொண்டு, அவற்றை டிஸ்க்கின் இருபுறமும் வைத்து அளந்து, நாணயங்களின் தடிமனைக் கழித்துவிடலாம். பட்டறைகளில் இந்த எளிய உபாயத்தைக் காண்பது அரிது என்பது வருந்தத்தக்கது.

தடிமன் போதுமானதாக இருந்தும் டிஸ்க்கை மாற்ற வேண்டிய நிலை உண்டு. ஓரம் வரை ஓடும் விரிசல், நகம் தடைப்படும் அளவுக்கு ஆழ்ந்த வரிப்பள்ளங்கள், உள்ளரித்த துரு ஆகியவை அத்தகையன. மழைக்கால இரவில் படியும் மேல்துருவைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை; காலையில் நாலைந்து முறை பிரேக் பிடித்ததும் அது நீங்கிவிடும். மாதக்கணக்கில் நின்ற வண்டியில் துரு குழிவிழச் செய்திருந்தால் அது வேறு. பிரேக் பிடிக்கையில் ஸ்டியரிங் அதிர்ந்தால் “டிஸ்க் வளைந்துவிட்டது” என்று சொல்லுவது வழக்கம். உண்மையில் அது வளைவது அரிது. சுற்றிலும் தடிமன் ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டரில் ஐம்பதில் ஒரு பங்கு வேறுபட்டாலே பெடலில் அதிர்வை உணரலாம். டிஸ்க் உட்காரும் ஹப்பின்மீது துருவும் அழுக்கும் இருந்து, டிஸ்க் சற்றே சாய்ந்து சுழல்வதாலேயே இவ்வேறுபாடு பெரும்பாலும் உண்டாகிறது. ஹப்பைத் துலக்காமல் புதிய டிஸ்க் போட்டால் சில ஆயிரம் கிலோமீட்டரில் அதே அதிர்வு திரும்பி வரும்.

வடக்கே வாழும் நேயர்கள் அனைவரும் அறிந்த சொல் ஒன்று உண்டு: “சல் ஜாயேகா”. இப்படியே ஓடும், போதும் என்று பொருள். தேர்ந்த மிஸ்திரி சொன்னால் சில உறுப்புகளுக்கு அது பொருந்தவும் கூடும். டிஸ்க் விஷயத்தில் அச்சொல்லைக் கேட்டதும், மொழி நமக்குத் தடுமாறினாலும், எத்தனை மில்லிமீட்டர் என்று கேட்பதற்குத் தயங்கலாகாது. எண் எம்மொழியிலும் ஒன்றுதான். அவ்வாறே, லேத்தில் கடைந்து சமப்படுத்தித் தருவதாகவும் சிலர் கூறுவர். கடைந்த பின்னும் குறைந்தபட்சத்துக்கு மேலே போதிய அளவு எஞ்சினால் அது முறையானதே. ஆனால் கடைதல் என்பது இருக்கும் இரும்பை மேலும் குறைப்பது என்பதை மறக்கலாகாது. 20 என்ற எல்லைக்கு மேல் 20.3 எஞ்சியிருக்கும் டிஸ்க்கில் புதிய பேட் போடுவது எம் கருத்தில் வீண்சிக்கனம். அந்தப் பேட்டின் பாதி வாழ்நாளுக்குள்ளாகவே டிஸ்க் எல்லையைக் கடந்துவிடும்.

வாங்கும்போது வண்டியின் பெயர் மட்டும் சொன்னால் போதாது. ஒரே பெயருள்ள வண்டியிலேயே பெட்ரோல், டீசல், ஆண்டு, ரகம் ஆகியவற்றுக்கேற்ப டிஸ்க்கின் விட்டமும் தடிமனும் மாறும். சில டிஸ்க்குகள் ஒரே கட்டி. சில, இரு தகடுகளுக்கிடையே காற்று ஓடும் வழிகள் கொண்டவை. காற்றுவழியுள்ளதற்குப் பதிலாகக் கட்டி டிஸ்க்கைப் போடுவது ஒருகாலும் தகாது. சேசிஸ் எண்ணைச் சொல்லி உறுப்பு எண்ணைப் பெற்று, பழையதையும் புதியதையும் அருகருகே வைத்து விட்டம், உயரம், நடுத்துளை, போல்ட்டுத் துளைகள் ஆகியவற்றை ஒப்பிட வேண்டும். தில்லியில் காஷ்மீரி கேட், கொல்கத்தாவில் மல்லிக் பஜார், பெங்களூரில் ஜே.சி. சாலை, சென்னையில் புதுப்பேட்டை என உதிரி உறுப்புக் கடைகள் நிறைந்த வீதிகள் எங்கும் உண்டு. அங்கே நல்ல சரக்கும் கிடைக்கும். கம்பெனிப் பெயரை அச்சிட்ட போலிப் பெட்டியும் கிடைக்கும். பில் தர மறுப்பவரிடம் பிரேக் உறுப்பு வாங்குவதை நாம் ஒப்போம். கார்க் கம்பெனியின் பெட்டியில்தான் வாங்க வேண்டும் என்பதும் இல்லை. பிரேக் உறுப்புகளையே தொழிலாகக் கொண்ட நிறுவனங்கள் தம் பெயரிலும் விற்பது உண்டு. சென்னைப் பாடியில் 1962இல் தோன்றிய பிரேக்ஸ் இந்தியா அத்தகையது. துளையிட்டும் வரிவெட்டியும் அழகு காட்டும் பந்தய டிஸ்க்குகள் குடும்ப வண்டிக்கு வேண்டியதில்லை. துளைகளைச் சுற்றியே விரிசல் தோன்றுவது வழக்கம்.

ஓர் அச்சின் இரு டிஸ்க்குகளையும் ஒருங்கே மாற்ற வேண்டும். ஒன்று புதியது, ஒன்று பழையது எனின் வண்டி ஒரு பக்கம் இழுக்கும். பேட்டுகளும் புதியனவாகவே இருத்தல் வேண்டும். பழைய பேட் பழைய டிஸ்க்கின் மேடுபள்ளத்துக்கேற்பத் தேய்ந்திருக்கும் ஆதலின் புதிய பரப்பில் முழுமையாகப் படியாது.

வேலையை மிஸ்திரியே செய்யட்டும். உடனிருந்து சிலவற்றைக் கவனிப்பது நம் கடமை. ஜாக்கியை மட்டும் நம்பி வண்டியின் அடியில் எவரும் கைவைத்தலாகாது. தாங்குகால் வேண்டும், செங்கல் உதவாது. தூசியை வாயால் ஊதுதல் கூடாது. பழைய பிரேக் கட்டைகளில் கல்நார் இருந்ததுண்டு. கழற்றிய காலிப்பரை அதன் ரப்பர்க் குழாயில் தொங்கவிடாமல் கம்பியால் கட்டி நிறுத்த வேண்டும். துருவில் இறுகிய டிஸ்க்கைச் சம்மட்டியால் அடிக்குமுன், அதிலேயே மரையிட்ட துளைகள் உண்டா என்று பார்த்து, போல்ட்டைத் திருகித் தள்ளலாம். ஹப்பைக் கம்பிப் புருசால் உலோகம் தெரியத் துலக்க வேண்டும். புதிய டிஸ்க்கின்மீது துருப்பிடிக்காதிருக்கத் தடவிய எண்ணெயைப் பிரேக் துடைக்கும் திரவத்தால் அறவே நீக்க வேண்டும். பிஸ்டனை உள்ளே தள்ளும்போது மேலேயுள்ள எண்ணெய்ப் புட்டி வழியாமல் பார்க்க வேண்டும். பெயின்ட்டின்மீது பட்டால் அதை அரித்துவிடும். மின்சாரக் கைபிரேக் உள்ள பின்சக்கரங்களில் பிஸ்டனை வெறுமனே தள்ளுதல் கூடாது. அவை கருவியுள்ள பட்டறைக்கே உரியவை.

எல்லாம் பூட்டிய பின், வண்டியை நகர்த்துமுன் பெடலைப் பலமுறை மிதித்து அது உறுதிப்படுவதைக் காண வேண்டும். உள்ளே தள்ளிய பிஸ்டன் பேட்டைச் சென்று சேரும் வரை முதல் சில மிதிகளில் பிரேக்கே இராது. பட்டறை வாசலிலேயே மோதிய வண்டிகள் இந்தச் சிறு மறதியால் மோதியவை.

புதிய டிஸ்க்கும் பேட்டும் ஒன்றோடொன்று படிந்துகொள்ள அவகாசம் தேவை. ஆளரவம் குறைந்த சாலையில் 50 கிலோமீட்டர் வேகத்திலிருந்து 10 வரை மெல்லக் குறைத்து, சற்று ஓடவிட்டு ஆறவைத்து, மீண்டும் குறைத்து, இவ்வாறு பத்து முறை செய்தால் போதும். இடையே சூடான பிரேக்கை அழுத்திப் பிடித்தபடி நிற்கலாகாது. பேட்டின் பொருள் ஓரிடத்தில் ஒட்டிக்கொண்டு பின்னர் அதிர்வாக வெளிப்படும். முதல் 300 கிலோமீட்டர் வரை, அவசரம் நேர்ந்தாலன்றி, கடுமையாக மிதிக்க வேண்டாம். ஆதலின் பயணத்துக்கு முதல்நாள் மாலையில் இவ்வேலையை வைத்துக்கொள்ளாமல், குறைந்தது ஒரு வாரம் முன்னதாகவே முடித்துவிடுவது நன்று. கழற்றிய டிஸ்க்குகளை வீட்டுக்குக் கேட்டு வாங்கிக்கொண்டு, அவற்றில் உள்ள எண்ணையும் அளந்த தடிமனையும் தேதியையும் வண்டியின் குறிப்பேட்டில் எழுதி வையுங்கள். பிறகு பழைய இரும்புக்காரரிடம் எடைக்குப் போடுமுன், மறுபடி எவர் வண்டியிலும் ஏறாதபடி, உராயும் பரப்பில் உளியால் குறுக்கே ஒரு வெட்டு வெட்டிவிடுங்கள்.